தண்டனை என்றைக்கு முடிகிறது?

சென்ற மாதத்தில் ஒரு நாள் பிற்பகல் நமது காரியாலயத்துக்கு ஒருவர் வந்திருந்தார். வயது ஐம்பதை நெருங்கும். உட்காரச் சொன்ன பிறகும் உட்கார மனமின்றி, நின்றபடியே, அச்சகத்தில் பைண்டிங் வேலை ஏதேனும் கிடைக்குமா என்று கேட்டார். கையோடு கொண்டுவந்திருந்த கணக்குப் புத்தகம் ஒன்றை மேஜைமீது வைத்து, தாமே தைத்துக் கட்டியது என்றார். பிரித்துப் பார்த்தோம். இழுத்தாலும் தையல் அசையவில்லை. மூலைகளில் காலிகோ சுருக்கமின்றிப் படிந்திருந்தது. வேலை தெரிந்தவர் என்பதில் சந்தேகமில்லை. இத்தொழிலை எங்கே கற்றீர்கள் என்று வினவினோம். சிறிது நேரம் பேசாதிருந்துவிட்டு, "ஜெயிலில்தான் ஐயா, ஏழு வருஷம்" என்றார்.

ஒளிவுமறைவின்றிச் சொல்வதானால், அந்தக் கணத்தில் நமது கை அப்புத்தகத்தை மூடி அவர் பக்கமாக நகர்த்திவிட்டது. நகர்த்திய பிறகே நாம் செய்தது நமக்குத் தெரிந்தது. அவருக்கோ அது பழகிப்போயிருந்தது. புத்தகத்தை எடுத்துப் பையில் போட்டுக்கொண்டு புறப்படத் தயாராகிவிட்டார். வற்புறுத்தி உட்காரவைத்துக் கேட்டோம்.

வரப்புத் தகராறு. இரு தரப்பிலும் கைகலப்பு. இவர் வீசிய மண்வெட்டிப் பிடி பங்காளியின் தலையில் பட்டு அவர் மூன்றாம் நாள் இறந்தார். கொலைக்குற்றமாகாத மரணம் விளைவித்ததாகத் தண்டனை. அதை அவர் மறுக்கவில்லை. "செத்தவர் வீட்டார் என் முகத்தில் விழிக்கமாட்டார்கள், அது நியாயம். அவர்களிடம் எனக்கு ஒரு வார்த்தையும் இல்லை" என்றார். விடுதலையாகி மூன்று வருஷமாகிறது. அதற்குள் நான்கு இடங்களில் வேலை பார்த்து நான்கையும் இழந்திருக்கிறார். எந்த இடத்திலும் வேலையில் குறை சொன்னவர் இல்லை. ஒரு காகிதக் கடையில் எட்டு மாதம் இருந்தாராம். விஷயம் தெரிந்த அன்றிலிருந்து முதலாளி தினந்தோறும் மாலையில் இவர் கண்ணெதிரே பணப்பெட்டியை எண்ணத் தொடங்கினார். பத்தாம் நாள் இவரே சொல்லிக்கொண்டு வந்துவிட்டார். மகளுக்கு வரன் வந்தபோது, தகப்பனார் எங்கே என்ற கேள்விக்கு "வெளியூரில் வேலை" என்று வீட்டார் சொல்ல நேர்ந்தது. அந்தச் சொல்லை மெய்யாக்குவதற்காகவே இவர் ஊரை விட்டு வந்து இங்கே ஒரு சந்தில் குடியிருக்கிறார்.

இரண்டு நாள் கழித்து வரச் சொன்னோம். யோசிக்க வேண்டுமென்று சொன்னோம். எதை யோசிக்க? வேலை காலியிருந்தது, வேலை தெரிந்தவர் வந்திருந்தார். அச்சகத்து போர்மனைக் கலந்தபோது, "மற்ற ஆட்கள் என்ன நினைப்பார்கள்?" என்றார். மற்ற ஆட்களைக் கேட்டால் போர்மன் என்ன நினைப்பாரோ என்றிருப்பார்கள். இவ்வாறு ஒவ்வொருவரும் அடுத்தவரின் அபிப்பிராயத்துக்கு அஞ்சுவதே சமூக நிந்தை எனப்படுவது போலும்.

அவ்விரண்டு நாட்களிலும் நமது நினைவில் ஓயாது வந்துகொண்டிருந்தவர் ஸ்ரீ வ. உ. சிதம்பரம் பிள்ளை. தேசத்துக்காகச் சிறை புகுந்த அவரையும், வரப்புச் சண்டையில் உயிரொன்று போகக் காரணமான ஒருவரையும் ஒரே தட்டில் வைப்பதாக யாரும் கோபிக்க வேண்டாம். இருவரின் செய்கைகளும் வேறு. ஆனால் சிறைக்கதவு பின்னால் சாத்தப்பட்டபின் இருவரும் நின்ற தெரு ஒன்றே.

சிதம்பரம் பிள்ளையின் சரித்திரம் நமது நேயர்கள் அறியாததன்று. 1906-ல் சுதேசிக் கப்பல் கம்பெனி. 1908-ல் தூத்துக்குடி கோரல் மில் தொழிலாளர் வேலைநிறுத்தம். அவ்வாண்டு ஜூலை 7-ந் தேதி நீதிபதி பின்ஹே விதித்த இரட்டை ஆயுள் தண்டனை. கோயமுத்தூர்ச் சிறையில் இழுத்த செக்கு. இவற்றை மேடைதோறும் கேட்டிருக்கிறோம். நாமே பேசியுமிருக்கிறோம். மேடைப் பேச்சு பெரும்பாலும் செக்கோடு நின்றுவிடுகிறது. இல்லையேல் அங்கிருந்து ஒரே தாவலாக 1936 நவம்பர் 18-ந் தேதிக்குச் சென்று, தூத்துக்குடியில் அவர் உயிர் நீத்ததைக் கூறிக் கண்ணீர் வடித்து முடிந்துவிடுகிறது. இடையிலிருக்கும் இருபத்துநான்கு ஆண்டுகளில் அவர் எவ்வாறு சோறு உண்டார் என்று கேட்போர் குறைவு.

மேல்முறையீட்டில் தண்டனை வெகுவாகக் குறைந்து, கோயமுத்தூரிலும் பின்னர்க் கண்ணனூரிலும் சிறையிருந்து, 1912 டிசம்பரில் அவர் வெளிவந்தார். 1908-ல் அவர் கைதானபோது திருநெல்வேலியில் கடைகள் அடைபட்டன, கலகம் மூண்டது, துப்பாக்கிப் பிரயோகம் நடந்தது. அவர் வெளிவந்தபோதோ வாசலில் ஜனத்திரள் இல்லை. எதிர்கொள்ள வந்திருந்தவருள் சுப்பிரமணிய சிவா இருந்தார். அவரும் சிறையிலிருந்து சில வாரங்களுக்கு முன் வெளிவந்தவர். சிறையில் பற்றிய தொழுநோய் உடம்பை உருக்குலைத்திருந்தது. பிற்காலத்தில் ரயில் வண்டியில் ஏறவும் தடை விதிக்கப்பட்டு ஊர் ஊராக நடந்தவர் அவர். சிறையிலிருந்து வந்த ஒருவரை வரவேற்கச் சிறையிலிருந்து வந்த மற்றொருவர்! இன்றும் பல சிறைவாசல்களில் காண்பது இதுவே.

வெளியே வந்தவருக்கு எஞ்சியிருந்தது என்ன? பத்து லக்ஷ ரூபாய் மூலதனம் திரட்டத் தொடங்கிய கப்பல் கம்பெனி 1911-லேயே கலைக்கப்பட்டுவிட்டது. வக்கீல் சன்னது பறிக்கப்பட்டிருந்தது. வழக்காடிக் கைநிறையச் சம்பாதித்த மனிதர் மனைவி மக்களோடு சென்னையில் குடியேறினார். சிந்தாதிரிப்பேட்டை, பெரம்பூர், மயிலாப்பூர் என்று வீடு மாறினார். அரிசி விற்றார், மண்ணெண்ணெய் விற்றார். வியாபாரம் அவருக்குக் கைவரவில்லை. பல்லாயிரம் பங்குகள் விற்கத் தெரிந்தவருக்குப் படியளந்து லாபம் பார்க்கத் தெரியவில்லை என்று ஏளனம் செய்வோர் இருக்கலாம். அவருடைய தொழில் அதுவன்று என்பதுதான் விஷயம்.

இக்காலத்தைக் காட்டும் ஒரு சிறு கணக்கு உண்டு: 347 ரூபாய் 12 அணா. தென்னாப்பிரிக்காவில் வாழ்ந்த தமிழர்கள் அவருக்கென்று திரட்டிக் காந்தியடிகளிடம் சேர்ப்பித்த தொகை அது. அதைப் பற்றி 1915-ல் இருவருக்குமிடையே கடிதங்கள் நடந்தன. பணம் 1916-ல்தான் பிள்ளையவர்கள் கைக்கு வந்தது. வரலாற்றாசிரியர் ஆ. இரா. வேங்கடாசலபதி இக்கடிதங்களை ஆராய்ந்து ஒரு நூலே எழுதியிருக்கிறார். தாமதத்துக்கு யாரும் தீய எண்ணத்தால் காரணமாகவில்லை. ஆனால் கொடுத்துப் பழகிய ஒரு கை, தனக்கு வரவேண்டிய சிறு தொகையை நினைவூட்டிக் கடிதம் எழுத வேண்டியிருந்தது என்பதை எண்ணும்போது நமக்கு வெட்கமாக இருக்கிறது. அந்தத் தொகையும் கடல் கடந்து கூலி வேலையும் சிறு வியாபாரமும் செய்துவந்த தமிழரிடமிருந்து வந்தது. அவர் கப்பல் விட்ட கரையிலிருந்து வரவில்லை.

இந்த நெருக்கடியிலும் அவர் எழுதியவை கொஞ்சமல்ல. 1914-ல் மெய்யறம், 1915-ல் மெய்யறிவு, 1917-ல் திருக்குறள் அறத்துப்பாலுக்கு மணக்குடவர் உரைப்பதிப்பு. தமிழுலகம் அவற்றை மெச்சியது. மெச்சுதலால் அடுப்பு எரியாது. கோயமுத்தூரில் ஒரு வங்கியில் உத்தியோகம் பார்த்தார், அதுவும் நிலைக்கவில்லை. கடைசியில் மீண்டும் வக்கீல் தொழில் செய்ய அனுமதி வேண்டி விண்ணப்பித்தார். வாலஸ் என்னும் ஆங்கிலேய நீதிபதியின் தயவால் சன்னது திரும்பக் கிடைத்தது. கோவில்பட்டியிலும் பின்னர்த் தூத்துக்குடியிலும் கறுப்பு அங்கி அணிந்து மறுபடியும் கோர்ட்டு ஏறினார். அந்த நன்றியை மறவாமல் தமக்குப் பிறந்த மகனுக்கு வாலேசுவரன் என்று பெயர் சூட்டினார்.

சுதேசியத்துக்காகச் செக்கிழுத்தவர் ஓர் ஆங்கிலேயனின் பெயரை மகனுக்கு வைத்தாரே என்று சிலர் வியப்பதுண்டு. நமக்கு அதில் வியப்பில்லை. பூமாலையும் புகழ்மொழியும் தரத் தேசத்தார் பலர் இருந்திருப்பர். அவருக்கு வேண்டியிருந்தது சன்னது. தான் கற்ற தொழிலைத் தான் செய்து, தன் சம்பாத்தியத்தில் பிள்ளைகளை வளர்க்கும் உரிமை. அதைக் கொடுத்தவன் அன்னியனாயிருந்தான் என்பது அவருக்குக் குறைவன்று, நமக்குத்தான் குறைவு. ஜனங்கள் வீரரென்று அறிந்திருந்த ஒருவருக்கே இதுவானால், பெயரற்ற சாமானியர் சிறையிலிருந்து வரும்போது கதி என்ன?

நாமும் அவர் ஏறிய கோர்ட்டுகளில் ஏறிய தொழிலைச் சேர்ந்தவராதலால் சட்டத்தைப் பற்றிச் சில வார்த்தை. ஒழுக்கக்கேடான குற்றத்துக்குத் தண்டனையடைந்தவர் வக்கீலாகப் பதிவு செய்துகொள்ள இன்றைய வக்கீல்கள் சட்டம் தடை விதிக்கிறது. ஆனால் விடுதலையாகி இரண்டு ஆண்டு சென்றால் அத்தடை நீங்கிவிடும். 1951-ம் ஆண்டு ஜனப் பிரதிநிதித்துவச் சட்டத்தின்படி, இரண்டாண்டோ அதற்கு மேலோ தண்டனையடைந்தவர் விடுதலைக்குப்பின் ஆறு ஆண்டு தேர்தலில் நிற்கலாகாது. ஏழாவது ஆண்டு நிற்கலாம். ஜயித்தால் மந்திரியாகவும் ஆகலாம். வக்கீலுக்கு இரண்டு ஆண்டு. மந்திரிக்கு ஆறு ஆண்டு. பைண்டருக்கு? கூர்க்காவுக்கு? ஆஸ்பத்திரியில் தரை துடைப்பவருக்கு? அவர்களுக்கு எந்தக் கெடுவும் எழுதப்படவில்லை. "குற்ற வழக்கில் தண்டனை அடைந்ததுண்டா?" என்று வேலை மனுவில் ஒரு வரி இருக்கும். இருபது வயதில் செய்த பிழைக்கு அறுபது வயதிலும் அதற்கு "ஆம்" என்றே விடை எழுத வேண்டும். பெரிய பதவிகளுக்கு மறதி உண்டு, சிறிய வேலைகளுக்கு இல்லை என்பது விபரீதமான ஏற்பாடாக நமக்குத் தோன்றுகிறது.

மறதிக்குச் சட்டம் செய்ய முடியாதென்பதில்லை. பிரிட்டனில் 1974 முதல் அத்தகைய சட்டம் உண்டு. தண்டனைக்குப்பின் குறிப்பிட்ட காலம் வேறு குற்றமின்றி வாழ்ந்தவரின் பழைய தண்டனை கழிந்துபோனதாகக் கருதப்படும். சாதாரண வேலைக்கு மனுச் செய்யும்போது அதை அவர் சொல்ல வேண்டியதில்லை. மிகக் கொடிய குற்றங்களுக்கும், குழந்தைகளைப் பராமரிப்பது போன்ற சில வேலைகளுக்கும் விலக்கு வைத்திருக்கிறார்கள். நம் நாட்டிலும் சிறுவர் விஷயத்தில் இக்கொள்கை ஏற்கப்பட்டுள்ளது. 2015-ம் ஆண்டுச் சிறார் நீதிச் சட்டம், சில விலக்குகள் நீங்கலாக, குற்றத்தால் வரும் தகுதியின்மை சிறாரைத் தொடரலாகாது என்கிறது. பதிவேடுகளையும் அழிக்கச் சொல்கிறது. பதினெட்டு வயது நிறைந்த மறுநாள் தவறியவனுக்கு இந்தத் தயை எதுவுமில்லை.

நீதிமன்றங்கள் இதனை உணராமலில்லை. தில்லிப் போலீஸில் உத்தியோகம் கோரிய இளைஞர் ஒருவர், இள வயதில் தம்மீது வந்து ராஜியாகிப்போன அடிதடி வழக்கை மனுவில் குறிக்காமல் விட்டார். அதற்காக அவரைத் தள்ளியது சரியன்று என்று உச்சநீதிமன்றம் 2011-ல் தீர்ப்பளித்தது. அத்தீர்ப்பில் நீதிபதிகள் எடுத்துக்காட்டியது பிரெஞ்சு ஆசிரியர் விக்தர் ஹ்யூகோவின் கதாநாயகன் ஜீன் வால்ஜீனை. பசித்த குடும்பத்துக்காக ரொட்டி திருடி, ஆயுள் முழுதும் திருடனென்ற முத்திரை சுமந்தவன் அவன். சுத்தானந்த பாரதியார் தமிழில் தந்த "ஏழை படும் பாடு" அந்தக் கதையே. 1950-ல் சினிமாவாகவும் வந்தது. வால்ஜீன் ஊர் ஊராகக் காட்ட வேண்டியிருந்த மஞ்சள் சீட்டு நமக்குப் புதிதன்று. குற்றப் பரம்பரைச் சட்டத்தின் கீழ் நமது தென்ஜில்லா மக்கள் வேற்றூர் செல்ல ராதாரிச் சீட்டு வாங்கி அலைந்த காலம் வெகு தூரத்திலில்லை. குற்றமே செய்யாதவர்க்கும் குற்றவாளி முத்திரை குத்திய அச்சட்டம் 1947-ல் சென்னை ராஜதானியில் ஒழிந்தது. சீட்டு ஒழிந்தது, சீட்டுக் கேட்கும் கண் ஒழியவில்லை.

இன்னொன்றையும் நேயர்கள் கவனிக்க வேண்டும். 2022-ம் ஆண்டு முடிவில் இந்தியச் சிறைகளில் இருந்த 5,73,220 பேரில் 4,34,302 பேர் விசாரணைக் கைதிகள். அதாவது நான்கில் மூன்று பங்கினர்மீது அந்த வழக்கில் குற்றம் இன்னும் ருசுவாகவில்லை. அவர்களில் விடுதலைத் தீர்ப்புப் பெற்று வீடு திரும்புவோரும் உண்டு. தெருவில் அவர்களும் "உள்ளே போய் வந்தவர்"தாம். நிரபராதி என்ற தீர்ப்பின் நகலைக் கழுத்தில் கட்டிக்கொண்டா நடப்பார்கள்?

தமிழ்நாட்டில் சிறை இலாகா நடத்தும் பெட்ரோல் பங்குகள் உண்டு. அங்கே கைதிகளே பெட்ரோல் ஊற்றுகிறார்கள். காசு வாங்கிச் சில்லறை தருகிறார்கள். ஜனங்கள் கூசாமல் வண்டியை நிறுத்தி வாங்கிப் போகிறார்கள். காவலில் இருக்கும்வரை அவனிடம் காசை நம்பிக் கொடுக்கும் நாம், விடுதலையாகி வந்து தனியார் பங்கில் அதே வேலை கேட்டால் கொடுப்போமா? சிறைக்குள் தொழில் கற்பிப்பதற்குச் சர்க்கார் செலவிடுகிறது. கற்ற தொழிலைச் சிறைக்கு வெளியே செய்ய இடமில்லையென்றால் அச்செலவின் பயன் யாருக்கு?

கண்ணை மூடிக்கொண்டு யாரையும் வீட்டுக்குள் விடச் சொல்கிறீரா என்று கேட்பவருக்கு நமது விடை: இல்லை. பணம் கையாடியவரிடம் உடனே பெட்டிச்சாவியைத் தர வேண்டியதில்லை. குடித்துவிட்டு வண்டியோட்டி உயிர் வாங்கியவருக்குப் பள்ளிக்கூட பஸ் தர வேண்டியதில்லை. செய்த குற்றத்துக்கும் கேட்கிற வேலைக்கும் சம்பந்தம் உண்டா என்று பார்க்க முதலாளிக்கு உரிமை உண்டு, கடமையும் உண்டு. ஆனால் வரப்புச் சண்டைக்கும் புத்தகம் தைப்பதற்கும் என்ன சம்பந்தம்? மாண்டவரின் குடும்பத்துக்கு என்ன நியாயம் என்றும் கேட்பார்கள். அந்தக் கேள்வி பெரியது. நாம் அதை இலேசாகத் தள்ளவில்லை. ஆயினும் நான்கு முதலாளிகள் அவரைத் துரத்தியதில் அந்த விதவைக்கு ஒரு காசு கிடைத்ததாகத் தெரியவில்லை. உழைத்துச் சம்பாதிக்கும் ஒருவனிடமிருந்துதான் நஷ்டஈடாவது வசூலாகும்.

நமது நேயர்களில் பலர் மறியல்களில் சிறை சென்று மீண்டவர்கள். வாசலில் மாலையும் கோஷமுமாக வரவேற்கப்பட்டவர்கள். சிறை சென்ற நாட்களைத் தேர்தல் நோட்டீஸில் அச்சிட நம்மிடமே கொடுத்தவர்களும் உண்டு. அவர்களை ஒன்று கேட்கிறோம். அதே காலையில், அதே சிறு கதவு வழியாக, துணிப்பையோடு வெளிவந்து, உங்கள் ஊர்வலம் கடக்கும்வரை சுவரோரம் ஒதுங்கி நின்றவன் ஒருவன் இருந்திருப்பானே, அவனை நினைவிருக்கிறதா? உங்கள் கட்சிகளுக்குச் சட்டசபையில் அங்கத்தினர்கள் இருக்கிறார்கள். கழிந்துபோன தண்டனையைக் கழிந்ததாகவே கொள்ளும் சட்டம் ஒன்றைக் கொண்டுவரும்படி அவர்களைக் கேளுங்கள். சட்டம் வரும்வரை உங்கள் கடையில், ஆலையில், பட்டறையில் ஓர் ஆளுக்கு இடம் கொடுக்க யாருடைய உத்தரவும் தேவையில்லை.

இரண்டாம் நாள் காலை ஒன்பது மணிக்கு, நாம் வருமுன்பே, அவர் காரியாலய வாசலில் காத்திருந்தார். மானேஜரை அழைத்து அவரைச் சேர்த்துக்கொள்ளச் சொன்னோம். மானேஜர் ஒரு படிவத்தை நீட்டினார். அவர் பெயர், ஊர், வயது எழுதிக்கொண்டே வந்து ஓரிடத்தில் பேனாவை நிறுத்திவிட்டு நம்மைப் பார்த்தார். மற்றவர்களைக் குறை சொல்லப் புறப்பட்ட நமது படிவத்திலும் அந்த வரி இருந்தது. பல வருஷங்களாக இருந்திருக்கிறது. அச்சிட்டதும் நமது அச்சகமே. அதை அடித்துவிட்டு, புதிய படிவங்களில் அதை எடுத்துவிடும்படி சொன்னோம். முன் அனுபவம் என்ற இடத்தில் என்ன எழுதலாமென்று கேட்டார். உள்ளதை எழுதச் சொன்னோம். "பைண்டிங், ஏழு வருஷம்" என்று எழுதிக் கையெழுத்திட்டார்.

இப்போது பழைய தொகுதிகளைப் பிரித்துத் தைத்துக்கொண்டிருக்கிறார். மத்தியானச் சாப்பாட்டுக்கு முதல் வாரம் தனியே உட்கார்ந்தார். இந்த வாரம் மடிப்புப் பகுதியிலிருக்கும் பையன் ஒருவன் அவரோடு உட்காருகிறான். கட்டிங் மிஷினை மட்டும் போர்மன் இன்னும் அவரிடம் விடவில்லை.